ஏழரை மணி ஊடல்: ஒரு திணை ஆராய்ச்சி

கணவன், மனைவி, ஒரே ஒரு டிவி. இவ்வாய்வின் களம் இவ்வளவே. காலம் மார்ச் முதல் மே வரை, அதாவது ஐபிஎல் பருவம். பொழுது இரவு ஏழரை. முதல் பந்து வீசப்படுவதும் சீரியலில் மாமியாரின் சதி அம்பலமாவதும் ஒரே நேரத்தில்தான். ஏழரைக்கு நம் ஊரில் ஏற்கெனவே இருக்கும் பெயரைக் கெடுக்க வேறு சான்று தேவையில்லை.

உரிப்பொருள் ஊடல். ஆகவே இது மருதத் திணை. மருதத்துக்குப் பொழுது வைகறை ஆயிற்றே என்று புலவர்கள் மறிக்கலாம். திணை மயங்குவதைத் தொல்காப்பியர் தடுக்கவில்லை. நிலம்தான் மயங்காது என்றார். நம் நிலமும் மயங்கவில்லை, ஹால் ஹாலாகவே இருக்கிறது.

சங்கத் தலைவன் பரத்தை வீட்டுக்குப் போய்த் திரும்புவான். இன்றைய தலைவன் சேப்பாக்கத்துக்கு, அதுவும் சோபாவில் சாய்ந்தபடியே. பழைய தலைவி கதவை அடைத்தாள். புதியவள் ரிமோட்டைத் தலையணைக்கு அடியில் வைக்கிறாள். பேட்டரி மூடி தொலைந்து, ரப்பர் பேண்டு சுற்றி, உள்ளங்கையில் இரண்டு தட்டு தட்டினால் மட்டும் வேலை செய்யும் அந்த ரிமோட்டுக்குத்தான் இத்தனை காவல். பாணன் இல்லாததால் மகன் வாயிலாகிறான்.

“அம்மா, ஸ்கோர் மட்டும் பாத்துட்டுத் தர்றாராம்.”

“போன்ல பாக்கச் சொல்லுடா உங்கப்பாவ.”

துறை: வாயில் மறுத்தல்.

பிறகு உடன்படிக்கை வரும். சீரியலில் விளம்பரம் போட்டால் மேட்ச். மேட்சில் டைம் அவுட் விட்டால் சீரியல். டைம் அவுட் இரண்டரை நிமிடம்தான் என்பதால் இது தலைவிக்கு நட்டம் எனத் தோன்றும். சீரியல் விளம்பரங்களின் நீளம் அறிந்தவர்கள் அப்படிச் சொல்ல மாட்டார்கள்; இருந்தாலும் விக்கெட் எப்போதும் அடுத்த சேனலில்தான் விழும் என்பது தலைவன் தரப்பு வாதம்.

சீசன் பாதி கடந்ததும் ஒரு விந்தை நிகழ்கிறது. “இன்னும் ஒரு ரிவ்யூ பாக்கி இருக்கே, கேக்க வேண்டியதுதானே?” என்கிறாள் அவள். “அந்த நகையை எடுத்தது யாருன்னு தெரிஞ்சுதா?” என்கிறான் அவன். இருவருக்கும் பொதுவான பொழுதுபோக்கு பிறந்துவிட்டது, யாரும் திட்டமிடாமல். 133 அதிகாரங்களில் கடைசி மூன்றையும் வள்ளுவர் ஊடலுக்கே ஒதுக்கி, முடிவில் ஊடலுவகை என்று வைத்தது சும்மா இல்லை.

எனவே தவணையில் இரண்டாவது டிவி வாங்க எண்ணியிருப்போர் தயவுசெய்து அந்தப் பணத்தில் ரிமோட்டுக்கு ஒரு மூடி வாங்கிக்கொள்ளவும்.