பஸ் வருவதற்குள் பரோட்டா

சென்னையில் சவுகார்பேட்டைக்கும் மயிலாப்பூருக்கும் காசு வாங்கிக்கொண்டு ஆட்களைக் கூட்டிப்போய்த் தின்ன வைக்கிறார்கள். ஒரு கடையில் கச்சோரி, அடுத்த கடையில் முறுக்கு சாண்ட்விச், நடுநடுவே கொஞ்சம் வரலாறு, கடைசியில் ஒரு குரூப் போட்டோ. அப்படிப் போய்வந்த நண்பர் ஒருவர், "உங்க ஒரகடத்துல இந்த மாதிரி ஏதாவது உண்டா?" என்று கேட்டார். கேட்ட தொனி சரியில்லை. பத்து வருடமாக இந்தப் பக்கத்தில் சோறு தின்கிறவன் என்ற முறையில் எனக்கு ரோஷம் வந்துவிட்டது. எங்களுக்கு மட்டும் என்ன, தட்டில் உதிரிபாகமா போடுகிறார்கள்? ஆகவே இந்தக் கையேடு. படித்துவிட்டு வாருங்கள். வரும்போது சில்லறையோடு வாருங்கள். போனில் பணம் அனுப்பலாம்தான். ஆனால் ஷிப்ட் விடுகிற நேரத்தில் நெட்வொர்க்கும் வரிசையில் நிற்கும்.

முதலில் நேரம். மற்ற ஊர்களில் பசித்தால் சாப்பிடலாம். இங்கே ஷிப்ட் விட்டால் சாப்பிடலாம். ஞாயிற்றுக்கிழமை காலை பதினொரு மணிக்குக் காரில் வந்து இறங்கி, தள்ளுவண்டிகள் தார்ப்பாய் போர்த்தித் தூங்குவதைப் பார்த்துவிட்டு, "ஒண்ணுமே இல்லையே" என்று திரும்பிப் போனவர்கள் உண்டு. ஏ ஷிப்டுக்கு ஆள் இறங்கும் விடியற்காலை, பி ஷிப்ட் மாறும் மதியம், அது முடியும் ராத்திரி பத்துக்கு மேல் — இந்த மூன்று வேளைதான் ஊர். மிச்ச நேரம் அது வெறும் சாலை.

விடியலில் ஸ்ரீபெரும்புதூரில் ஏதாவது ஒரு டீக்கடை வாசலில் நில்லுங்கள். கண்ணாடியில் கம்பெனி பெயர் ஒட்டிய பஸ்கள் வரிசையாக வரும். செய்யாறு, வந்தவாசி, அரக்கோணம் என்று எங்கெங்கிருந்தோ மூன்று மணிக்கே எழுந்து வந்தவர்கள், கழுத்து ஒரு பக்கம் சாய்ந்தபடி இறங்குவார்கள். யாரும் டீ என்று சொல்ல மாட்டார்கள். விரலைக் காட்டுவார்கள், அவ்வளவுதான். டீ என்பது நான்கு மிடறு. நான்காவது மிடறில் ஹாரன் அடிக்கும். டீயின் மணம், குணம் பற்றிக் குறிப்பெடுக்க விரும்புகிறவர்கள் இரண்டாவது மிடறுக்குள் எடுத்து முடித்துவிட வேண்டும்.

உடை. பருத்திச் சட்டை, தொப்பி, கூலிங் கிளாஸ் என்று வந்தால் உங்களுக்குச் சோறு கிடைக்காது, மனைதான் கிடைக்கும். "இடம் பாக்க வந்தீங்களா சார்? பஞ்சாயத்து அப்ரூவலா, டிடிசிபியா?" என்று இரண்டு பேர் பைக்கில் வந்து அணைவார்கள். கையில் நோட்டும் பேனாவும் இருந்தாலோ, நீங்கள் உணவுப் பாதுகாப்புத் துறை. வடை சட்டென்று கண்ணாடிப் பெட்டிக்குள் போகும். கழுத்தில் ஏதாவது ஒரு டேக் தொங்க விட்டுக்கொள்ளுங்கள். என்ன எழுதியிருக்கிறது என்று யாரும் படிப்பதில்லை. டேக் இருந்தால் மனிதன்.

அடுத்து வழிகாட்டி. வரலாறு தெரிந்தவரைத் தவிர்க்கவும். 1017இல் இந்த ஸ்ரீபெரும்புதூரில் பிறந்த ராமாநுஜரே விருந்து விஷயத்தில் கோட்டை விட்டவர் என்பதைக் குருபரம்பரைக் கதை கேட்டவர்கள் அறிவார்கள். அப்போது அவர் காஞ்சியில் குடித்தனம் நடத்திக்கொண்டிருந்தார். திருக்கச்சி நம்பியைச் சாப்பிட அழைத்தார். நம்பி தாழ்ந்த குலத்தவர் என்று ஊர் சொன்னது. ராமாநுஜருக்கோ அவர் உண்ட மிச்சத்தை உண்ண வேண்டும் என்று ஆசை. விருந்தாளியைத் தேடி இவர் ஒரு தெரு வழியாகப் போக, நம்பி இன்னொரு தெரு வழியாக வீட்டுக்கு வந்து, சாப்பிட்டுக் கிளம்பியும் விட்டார். திரும்பி வந்தால் இலையைத் தூக்கிப் போட்டு, இடத்தை மெழுகி, குளித்துவிட்டு மனைவி புதிதாகச் சமைத்துக்கொண்டிருந்தாள். விருந்தாளியும் இல்லை, மிச்சமும் இல்லை. ஒரகடம் கூட்டுரோட்டில் இது தினமும் நடக்கிறது. "எந்தப் பக்கம் நிக்கிறே?" "வாலாஜாபாத் போற பக்கம்." "நான் வண்டலூர் போற பக்கம் நிக்கிறேன்டா!" நடுவில் கன்டெய்னர் லாரி லாரியாகப் போய்க்கொண்டிருக்கும். இருவரும் தனித்தனியே சாப்பிட்டுவிட்டுப் போனில் விடைபெறுவார்கள்.

ஆகவே நான்கு கம்பெனியில் காண்ட்ராக்டில் இருந்து ஐந்தாவதுக்கு முயன்றுகொண்டிருக்கிற ஒரு தம்பியைப் பிடியுங்கள். எந்த கேட்டுக்கு எதிரே எந்த வண்டியில் எத்தனை மணிக்கு என்ன கிடைக்கும் என்பது அவனுக்குத்தான் தெரியும். அவன் உங்களை முதலில் கூட்டிப்போக விரும்பும் இடம் கேண்டீன். ஆனால் போக முடியாது. 250 பேருக்கு மேல் வேலை செய்யும் ஆலையில் கேண்டீன் வைக்கச் செய்யலாம் என்று 1948ஆம் வருடத் தொழிற்சாலைச் சட்டத்தின் 46ஆம் பிரிவு சொல்லிற்று. அப்படிப் பார்த்தால் இந்தப் பிராந்தியத்தின் மிகப் பெரிய ஓட்டல்கள் எல்லாம் மதில் சுவருக்கு உள்ளேதான் இருக்கின்றன. கார் செய்கிற இடம், டயர் செய்கிற இடம், கண்ணாடி செய்கிற இடம், எல்லாவற்றிலும் அண்டா அண்டாவாகச் சாம்பார் கொதிக்கிறது. உங்களுக்கு செக்யூரிட்டி கேபினில் போன் கேமராவின் மேல் ஒட்டுகிற ஸ்டிக்கர் மட்டும்தான் கிடைக்கும். கேள்வி ஞானத்தால் ருசிக்கலாம். "உள்ள சாப்பாடு எப்படித் தம்பி?" என்று கேட்டேன். ருசியைப் பற்றி அவன் ஒன்றும் சொல்லவில்லை. "புதன்கிழமை சிக்கன்ணே" என்றான். சட்டையின் நிறத்தைப் பார்த்தே நிரந்தரமா, காண்ட்ராக்டா, பயிற்சியா என்று சொல்லிவிடலாம்; ஒரே வரிசையில் நின்றாலும் நிறம் நிறமாகத்தான் உட்காருவார்கள் என்றான். ராமாநுஜர் ஊர்.

உலக உணவு வேண்டும் என்கிறவர்களுக்கு ஒரு வார்த்தை. 1996இல் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய்க்கு அடிக்கல் நாட்டினார்கள், 1998இல் சான்ட்ரோ வெளியே வந்தது. காருக்குப் பின்னாலேயே கிம்ச்சி வந்தது. கொரிய எழுத்தில் பெயர்ப்பலகை மாட்டிய சாப்பாட்டுக் கடைகளும் விருந்தினர் விடுதிகளும் இன்று இங்கே சாதாரணம். உள்ளே போனால் மேசை நடுவிலேயே அடுப்பு வைத்துப் பன்றி இறைச்சியை வாட்டித் தருவார்கள். அவர்களும் 'அப்பா' என்றுதான் சொல்கிறார்கள், அம்மாவுக்கு 'ஓம்மா' என்கிறார்கள் என்று ஒருவர் ஆரம்பிப்பார். பில் வரும்வரை அந்த ஒற்றுமை நீடிக்கும். கிம்ச்சியை நம் ஊறுகாய்க்குத் தங்கை என்று எழுத எனக்கும் கை அரிக்கிறது. முட்டைக்கோஸுக்கு அவ்வளவு மரியாதை நம் சமையலில் கிடையாது என்பதால் விட்டுவிடுகிறேன்.

இனி பரோட்டா. இதைத்தான் நிதானமாகச் சொல்ல வேண்டும். ராத்திரி பத்தேகால். கடைப் பெயரில் மதுரை இருக்கும். முதலாளி தென்மாவட்டம். மாவு பிசைகிறவர் அஸ்ஸாம். சாப்பிடுகிறவர் விழுப்புரம், கள்ளக்குறிச்சி, கஞ்சம், கயா. இதில் லோக்கல் எது என்று தேடுவது உங்கள் வேலை. நான் தேடியதில் அகப்பட்டது கொசு ஒன்றுதான். கல்லுக்கு முன்னால் கூட்டம் நிற்கும். மாஸ்டர் பத்துப் பரோட்டாவை அடுக்கி இரண்டு கையாலும் பக்கவாட்டில் அடிப்பார், படபடவென்று. அந்தச் சத்தம் கேட்டதும் வரிசையில் உள்ளவர்கள் ஒரு அடி முன்னால் வருவார்கள். "அண்ணா, எத்தனே?" என்பார். "ரெண்டு செட்டு, ஒரு கலக்கி" என்று தெளிவாகச் சொல்லவும். யோசிக்கக் கூடாது. பின்னால் நிற்கிறவனுக்கு ஏழு நிமிஷத்தில் பஸ்.

சால்னாவில் என்ன சேர்த்திருக்கிறார்கள் என்று கேட்கிற வழக்கம் இங்கே இல்லை. ஊற்று என்றால் ஊற்றுவார்கள். பரோட்டாவைப் பிய்த்துப் போட்டுக் குளமாக்கி, நின்றபடியே, இடது கையில் தட்டும் தோளில் பையுமாகத் தின்ன வேண்டும். உட்கார நாற்காலி தேடுகிறவனை எல்லோரும் பரிதாபமாகப் பார்ப்பார்கள். கையேந்தி பவன் என்று பெயர் வைத்தவன் சும்மா வைக்கவில்லை. பஸ் வந்துவிட்டால் மிச்சம் பார்சல். 2019 ஜனவரி 1 முதல் தமிழ்நாட்டில் தடைசெய்யப்பட்ட பிளாஸ்டிக் கவரில் கொதிக்கிற சால்னாவை ஊற்றி, காற்றைப் பிடித்து, ஒரே சுழற்றில் ரப்பர் பேண்டு போடும் வித்தையை இங்கே இலவசமாகப் பார்க்கலாம். வகுப்பு எடுப்பதில்லை.

செம்பரம்பாக்கம் ஏரி மீன், ஆதிகேசவப் பெருமாள் கோயில் புளியோதரை இரண்டையும் தனியாகப் போய்ப் பார்த்துக்கொள்ளவும். நன்றாகவே இருக்கும். அதற்கு என் உதவி எதற்கு?

பெரிய உணவு நடை வேண்டுமா? இந்த வழித்தடத்தில் இதுவரை நடந்ததிலேயே பெரியதற்கு வழிகாட்டி யாரும் இல்லை. 2021 டிசம்பரில் பாக்ஸ்கான் ஆலையின் பெண் தொழிலாளர்கள் தங்கியிருந்த ஒரு விடுதியில் சாப்பாடு ஒத்துக்கொள்ளாமல் வாந்தியும் பேதியுமாக 159 பேர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார்கள். தோழிகள் என்ன ஆனார்கள் என்று யாரும் சரியாகச் சொல்லாததால் வதந்தி பரவியது. 17ஆம் தேதி இரவு பெண்கள் வெளியே வந்து சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையில் உட்கார்ந்தார்கள். ஐபோன் செய்கிற ஆலை மூடியது. விடுதிகளிலும் சாப்பாட்டுக் கூடங்களிலும் சில தன் தரத்துக்கு இல்லை என்று ஆப்பிள் ஒப்புக்கொண்டு ஆலையைக் கண்காணிப்பில் வைத்தது. மறுபடி திறந்தது ஜனவரி 12 அன்று. அதுவரை இந்தச் சாலையில் நாங்கள் சாப்பிட்டதைப் பற்றி உலகத்தில் யாரும் ஒரு வரி எழுதியதில்லை; அந்த வாரம் எல்லா ஊர்ப் பத்திரிகையிலும் எங்கள் சாம்பார் வந்தது. வல்லம் வடகாலில் 18,720 படுக்கைகளோடு பெண்களுக்கான பெரிய குடியிருப்பு 2024 ஆகஸ்டில் திறக்கப்பட்டது. வழியில் போகும்போது பஸ் ஜன்னலிலிருந்து காட்டலாம். நின்று போட்டோ எடுக்க வேண்டாம். அது யாரோ தூங்குகிற இடம்.

நோக்கியா காலத்தைப் பற்றிக் கேட்பவர்களுக்கும் ஒன்று சொல்லி வைக்கிறேன். 2006இல் வந்தது, 2014 நவம்பரில் உற்பத்தி நின்றது. ஒரு பெரிய ஆலை மூடினால் கேட்டுக்கு எதிரே மெஸ் நடத்துகிறவருக்கு எந்த நஷ்டஈட்டுப் பேச்சுவார்த்தையிலும் நாற்காலி கிடையாது. கணக்கு நோட்டு மட்டும் இருக்கும், மாதச் சாப்பாட்டு பாக்கிப் பெயர்களோடு.

கடைசி நிறுத்தம் கூழ் வண்டி. சிப்காட் மதிலோரம், வேப்ப மரத்தடியில், அலுமினியப் பானையோடு ஒரு அக்கா. கேழ்வரகுக் கூழ், தொட்டுக்கொள்ள மோர்மிளகாய், மாங்காய்த் துண்டு, கருவாடு. "இது இந்த ஊர்க் கேழ்வரகா அக்கா?" என்று சுற்றுலாத் தோரணையில் கேட்டு வைத்தேன். "மாவு பாக்கெட்டு கடையில வாங்குறேன். கேழ்வரகு போட்ட எடம் அதோ" என்று கரண்டியால் ஒரு பார்க்கிங்கைக் காட்டினாள். பைக்குகள் வரிசை வரிசையாக நின்றன, நல்ல விளைச்சல் மாதிரி.

அப்போதுதான் ஒடிசாப் பையன் ஒருவன் ஹெல்மெட்டோடு வந்தான். கூழைப் பார்த்தான். தலையாட்டிவிட்டு, தெரிந்த நாலு தமிழ் வார்த்தையையும் கையையும் வைத்துக்கொண்டு ஏதோ கேட்டான்: சோறு, தண்ணி, ராத்திரி, காலை, வெங்காயம். பகாளா என்றான். அவன் ஊரில் மார்ச் 20ஆம் தேதியை அதற்கென்றே ஒரு நாளாகக் கொண்டாடுகிறார்கள். அக்காவுக்கு அதெல்லாம் தெரியாது; தெரியவும் வேண்டியிருக்கவில்லை. "பழைய சோறா கேக்குற?" என்றாள். "அது விக்கிறதுக்கு இல்லப்பா. வூட்டுல துன்றது."

மறுநாள் போனபோது அவன் மரத்தடியில் குந்தி ஒரு தூக்குச்சட்டியிலிருந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தான். பக்கத்தில் கடித்த பச்சை மிளகாய். காசு கொடுக்கப் பார்த்திருக்கிறான், அவள் வாங்கவில்லையாம். நான் உடனே நோட்டை எடுத்தேன். கையேட்டின் கடைசிப் பக்கத்துக்கு இதைவிட நல்ல ஐட்டம் கிடைக்காது. தலைக்கு நூறு ரூபாய் என்று போட்டால்கூட வருவார்கள். என்ன விலை போடலாம் என்று அக்காவைக் கேட்டேன். அவள் பானையை மூடினாள்.

"ஒனக்கு ஷிப்டுக்கு நேரமாவல தம்பி?"