வைசர் மகாத்மியம்

கண்ணைக் காக்கும் பொருட்டு மனிதன் செய்துகொண்ட சாதனங்களுள், ஹெல்மெட்டின் முன்புறத்தில் ஏறவும் இறங்கவுமாகப் பொருத்தப்பட்டிருக்கும் வைசருக்கு நேர்ந்த அவமரியாதை வேறெதற்கும் நேர்ந்ததில்லை என்பது, சென்னையில் நெடுங்காலமாக ஸ்கூட்டர் ஓட்டிவரும் அடியேனுடைய தீர்மானமான அபிப்பிராயம். பார்வைக்குக் கண்ணாடி மாதிரி இருந்தாலும் அது பெரும்பாலும் பாலிகார்பனேட் என்னும் பிளாஸ்டிக். பொடிக்கல் தெறித்தாலும் சில்லுச் சில்லாக உடைந்து கண்ணில் ஏறாது. சூரியனுடைய புற ஊதாக் கிரணங்களையும் பெருமளவு தானே தடுத்துவிடும். இத்தனை குணம் படைத்ததை நம்மவர்கள் எங்கே வைத்திருக்கிறார்கள்? நெற்றிக்கு மேலே! ஜி.எஸ்.டி. சாலையில் மணல் லாரி முன்னே போகும். மணல் பின்னே வரும். வைசர் மட்டும் ஆகாயத்தைப் பார்த்துக்கொண்டிருக்கும். 1988-ஆம் வருஷத்து மோட்டார் வாகனச் சட்டத்தின் 129-ஆவது பிரிவுகூட, கவசத்தை அணியச் சொல்கிறது, வாரைக் கட்டச் சொல்கிறது. வைசரை இறக்கச் சொல்லவில்லை.

இறக்காதவர்கள் பக்கம் நியாயமே இல்லை என்று நான் வாதிக்க வரவில்லை. மழை நாளில் இறக்கினால், நாம் விடுகிற மூச்சின் வெதுவெதுப்பான ஈரம் குளிர்ந்த தகட்டின் உட்புறத்தில் படிந்து, எதிரே வருவது பஸ்ஸா பசுமாடா என்னும் தத்துவ விசாரத்தில் நம்மை ஆழ்த்திவிடும். இரவில் இறக்கினாலோ, புழுதியை நனைக்காமல் சட்டைத் தலைப்பால் துடைத்துத் துடைத்து நாமே உண்டாக்கிய கீறல்கள் ஒவ்வொன்றும் எதிர்வண்டியின் வெளிச்சத்தைச் சிதறடித்து, ஒரே விளக்கைக் கார்த்திகை தீபமாக்கிக் காட்டும்.

ஆனால் என் அண்டைவீட்டுக்காரர், சரித்திர வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர், இந்தச் சில்லறைக் காரணங்களைச் சீந்துவதே இல்லை. அவர் நேரே 1559-ஆம் வருஷத்துப் பாரிஸுக்குப் போய்விடுவார். பிரான்ஸ் தேசத்து மன்னன் இரண்டாம் ஹென்றி, மகளுடைய கல்யாணக் கொண்டாட்டத்தில் குதிரையேறி ஈட்டி விளையாட்டுக்குப் புறப்பட்டதையும், தன் மெய்க்காவல் படைத் தலைவனாகிய மான்ட்கோமரியின் ஈட்டி முறிந்து அதன் சிராய் முகக்கவசத்தினூடே கண்ணருகில் பாய்ந்ததையும், பிரஸல்ஸிலிருந்து வெசாலியஸ் என்னும் மகா வைத்தியரே வந்தும் பயனின்றிப் பத்தே நாளில் மன்னன் மாண்டதையும் விஸ்தாரமாக வருணித்துவிட்டு, “இரும்பு வைசரே காப்பாற்றவில்லை, சார், இந்தப் பிளாஸ்டிக்கா காப்பாற்றப்போகிறது?” என்று கேட்பார். பல்லாவரத்தில் யாரும் ஈட்டியோடு வருவதில்லையே என்று சொன்னால், கம்பி ஏற்றிய மீன்பாடி வண்டியை நீர் பார்த்ததில்லை என்பார்.

அப்பேர்ப்பட்டவருடைய வைசர், எங்கள் தெரு முனையிலுள்ள மளிகைக் கடைக்குப் பத்தடி இருக்கும்போது மாத்திரம் தவறாமல் இறங்குகிறது. கடையைத் தாண்டியதும் மறுபடி ஏறிவிடுகிறது. கறுப்புச் சாயம் பூசியதாகத் தேடி வாங்கியிருக்கிறார். கண்ணைத் தூசியிலிருந்து காப்பதைக் காட்டிலும் நம்மைப் பிறர் கண்ணிலிருந்து காப்பதே வைசரின் பிரதான உபயோகம் என்று அவரைப் பார்த்துத்தான் நான் தெரிந்துகொண்டேன். இதிலுள்ள சங்கடமெல்லாம், மளிகைக் கடைக்காரர் முகத்தைப் பார்ப்பதே இல்லை. வண்டி நம்பரைத்தான் கணக்கு நோட்டில் குறித்து வைத்திருக்கிறார்.