நாலு சீட்டு காலி

வாங்க கண்ணு. காரை வேப்பமர நிழல்லயே நிறுத்திப்போட்டீங்களா? நல்லது. திண்ணையில உக்காருங்க, அம்முச்சி மோர் கொண்டாருவா.

வந்ததும் வராததுமா, 'அப்பிச்சி, ஜனத்தொகை பெருத்துப் போச்சு, அதுதான் பூமி தாங்கலை'ன்னீங்க. சரியாத்தான் சொன்னீங்க. உங்கப்பிச்சி எங்கய்யனுக்கு எட்டாவது பிள்ளை. அவரு ஏழோட நிறுத்தியிருந்தா பூமி தப்பிச்சிருக்கும். நீங்களும் இந்த மோர் குடிக்க வந்திருக்க மாட்டீங்க. குடிங்க, குடிங்க. வந்தாச்சு, இனி என்ன பண்றது.

ஒரே ஒரு சந்தேகம். பெங்களூரிலிருந்து இத்தாம்பெரிய வண்டியில தனியா வந்தீங்க. அஞ்சு பேர் உக்கார்ற வண்டி. ஜனம் அத்தனை நெரிசல்னா, அந்த நாலு சீட்டு எப்படிக் காலியா வந்துது?

சிரிக்காதீங்க, எனக்கும் கணக்குத் தெரியும். 1951-ல தலைய எண்ணினப்ப நான் ஏழு வயசுப் பையன். இன்னைக்குத் தமிழ்நாடுங்கற சீமையில அப்ப 3 கோடிப் பேரு. 2011-ல எண்ணினப்ப 7 கோடியே 21 லட்சம். ரெண்டு மடங்குக்கும் மேல. அத்தனை வாய்க்கும் சோறும் ஊடும் வேணும்னா காடு குறையத்தான் செய்யும், கொளம் சுருங்கத்தான் செய்யும். அந்தப் பாவத்துல எனக்கும் பங்குண்டு.

ஆனா சொன்ன பேச்சை நாங்க கேட்டமில்ல? 1952-லயே குடும்பக் கட்டுப்பாடுன்னு கவர்மெண்டு ஆரம்பிச்சுது. அப்புறம் செவுத்துக்குச் செவுரு சிவப்பு முக்கோணம். நான் நாலு பெத்தேன், உங்கம்மா ரெண்டு, நீங்க ஒண்ணு. 2019-21ல எடுத்த குடும்பநலக் கணக்குல தமிழ்நாட்டுப் பொம்பளைக்குச் சராசரி 1.8 பிள்ளை. ஜனம் ஏறாம எறங்காம நிக்கோணும்னாலே 2.1 வேணுமாம். இப்பப் பாருங்க, காத்து திரும்பி அடிக்குது. ரெண்டுக்கு மேல பெத்தவங்களும் உள்ளாட்சித் தேர்தல்ல நிக்கலாம்னு ஆந்திராவுல 2024-ல சட்டத்தையே மாத்திப்போட்டாங்க. ஜனம் குறைஞ்சா எம்.பி. சீட்டும் குறைஞ்சிருமோன்னு இங்கயும் ஒரு பயம். எழுபது வருசமா மூடு மூடுன்ன கதவை இப்பத் தொறங்கறாங்க. கதவு துருவேறிப் போச்சு சாமி.

சரி, பிள்ளை குறைஞ்சுதல்ல? அப்ப என் கிணத்துல தண்ணி ஏறியிருக்கோணுமே, ஏன் ஏறலை?

அன்னைக்கு எங்கூட்டுல பதினொரு பேரு. அறுபதடிக் கிணறு ஒண்ணு. ரெண்டு மாடு கட்டிக் கவலை ஓட்டித் தண்ணி எறைப்போம். விடியக்காலம் பூட்டினா, பொழுது ஏறறதுக்குள்ள மாட்டுக்கு நுரை தள்ளிப்போயிரும். அவுத்துக் கட்டுத்தாரையில கட்டுவோம். மாடு இளைப்பாறற நேரத்துல கிணறு ஊறும். மாட்டுக்குப் 'போதும்'னு சொல்லத் தெரியும் கண்ணு. அது சொன்னா எங்கய்யனும் கேட்டுத்தான் ஆகோணும்.

அப்புறம் கரண்டு மோட்டார் வந்துது. அதுக்கு நுரையும் தள்ளாது, மூச்சும் வாங்காது. தோட்டத்துக்குக் கரண்டு இலவசம்னதும் எனக்கும் மூச்சு வாங்கலை. கிணறு வத்துச்சு, முந்நூறு அடிக்குப் போர் போட்டேன். அது காத்து வாங்குச்சு, ஆயிரத்தைத் தாண்டினேன். அன்னைக்குப் பதினொரு பேருக்கு அறுபதடி. இன்னைக்கு நானும் உங்கம்முச்சியும் ரெண்டே பேரு, ஆயிரத்துக்கும் மேல. நீங்கதான் இஞ்சினியருக்குப் படிச்சவரு, இந்தக் கணக்கை நேர் பண்ணிக் குடுங்க.

நொய்யல் ஆத்தைக் கேட்டாலும் இதேதான் சொல்லும். திருப்பூர்ல பனியன் கம்பெனி பெருத்துது, சாயத்தண்ணி ஆத்துல எறங்குச்சு. பாசனத்துக்குன்னு 1992-ல ஒரத்துப்பாளையத்துல அணை கட்டினாங்க. தேங்கினது சாயம். 'தண்ணி தொறந்து விடுங்க'ன்னு கேக்கற விவசாயியே 'தொறந்துடாதீங்க சாமி'ன்னு கெஞ்சினான். கடைசியில 2011-ல ஐகோர்ட்டு சாயப்பட்டறைகளை மூடச் சொல்லி உத்தரவு போட்டுது. அந்தப் பனியனையெல்லாம் ஆத்தங்கரைக்காரனா போட்டுக் கிழிச்சான்? கப்பலேறி ஐரோப்பாவுக்கும் அமெரிக்காவுக்கும் போச்சு. எங்க ஊர்த் தலைய எத்தனை தடவை எண்ணினாலும், நொய்யலைக் குடிச்சவன் அதுல அகப்பட மாட்டான். பருத்திச் செடியிலிருந்து எண்ணினா ஒரு சட்டைக்கு 2,700 லிட்டர் தண்ணி ஆகுதாம். உங்க அலமாரியில எத்தனை சட்டை கண்ணு?

ஒரு அமெரிக்காக்காரர் வருசத்துக்கு விடற கரிப்புகை, ஏழு இந்தியர் விடறதுக்குக் கிட்டத்தட்டச் சமம்னு உங்க தங்கச்சி போனைப் பார்த்துப் படிச்சா. எங்கய்யன் எட்டுப் பெத்ததுக்கு ஊரே சிரிச்சுது. அங்க ஒண்ணே ஒண்ணு பெத்தவன் ஏழு பெத்த கணக்கு, ஒருத்தரும் சிரிக்கலை. அந்த ஏழு இந்தியரும் ஒரே மாதிரியா? நம்ம ஆட்டுக்காரர் புகையையும் உங்க புகையையும் கூட்டி வகுத்ததுதானே சராசரி? வகுத்ததுல உங்களுக்குத்தான் லாபம்.

கேக்காட்டியும் ஒரு புத்தி சொல்றேன். ஒரே பிள்ளைன்னு பெருமைப்படுங்க, வேண்டாங்கலை. கூடவே உங்கூட்டுல இருக்கற மூணு ஏ.சி.க்கும் பேரு வெச்சு ரேசன் கார்டுல சேத்துருங்க. வாஷிங் மிசினுக்கு மொட்டை அடிங்க. ரெண்டு காருக்கும் காது குத்துங்க, உங்க மாமனைச் சீரோட நான் அனுப்பி வைக்கறேன். அதுக்கப்புறம் உங்கூட்டு ஜனத்தொகையை எண்ணுங்க. எங்கய்யன் தோத்துப்போவாரு.

கிளம்பறீங்களா? வண்டிய திருப்பறப்ப பார்த்து. அந்த வேம்புல இடிச்சுறாதீங்க. பிள்ளைக்கு ஒண்ணுன்னு எட்டு நட்டாரு எங்கய்யன். போர் லாரி வர வழியில்லைன்னு ஏழை வெட்டினது நான்தான். மிச்சம் அது ஒண்ணுதான், இப்ப உங்க காருக்கு நிழல் குடுக்குது.

அப்புறம், பஸ் நிக்கற எடத்துல ஆட்டுக்காரர் சந்தைக்குப் போகக் காத்துக்கிட்டு இருப்பாரு. ஏத்திக்கிட்டுப் போங்க. கூட ரெண்டு கிடாயும் வரும். நாலு சீட்டுத்தான் காலியா இருக்கே.