தேவையான ஆணி

பெண்ணைத் தூக்கிக்கொண்டு போகிறவர்கள் பிறகு சீர் செய்வதில் குறை வைப்பதில்லை. கிரேக்கக் கடவுள்களின் தலைவர் ஜீயஸ் வெள்ளைக் காளையாக வேஷம் கட்டி, பெனிசியக் கடற்கரையில் விளையாடிக்கொண்டிருந்த இளவரசி யூரோப்பாவை முதுகில் ஏற்றிவந்து கிரீட் தீவில் இறக்கினார். அப்புறம் அவருக்கு வேறு இடங்களில் வேலை வந்துவிட்டது. (ஜீயஸுக்கு எப்போதுமே வேறு இடங்களில் வேலை உண்டு. அந்த வேலைகளில் பிறந்த பிள்ளைகளின் கதைதான் கிரேக்கப் புராணத்தில் பாதி.) தனியாக விட்டுப் போகிறோமே என்ற உறுத்தலில் ஒரு வேட்டை நாய், ஒரு ஈட்டி, கூடவே ஒரு வாட்ச்மேன் என்று கொடுத்துவிட்டுப் போனார். வாட்ச்மேன் முழுக்க வெண்கலம். பெயர் தாலோஸ்.

ஆளைச் செய்தது யார் என்பதில் பழைய ஆசாமிகளுக்குள் ஒத்துப்போகவில்லை. காலை விந்தி நடக்கும் கொல்லர் தெய்வம் ஹெபைஸ்டஸ்தான் பட்டறையில் செய்து, யூரோப்பாவின் மகன் மினோஸ் ராஜாவுக்குக் கொடுத்தார் என்பது ஒரு கட்சி. வெண்கல மனிதர்கள் என்றே ஓர் இனம் இருந்தது, அதில் மிச்சமான கடைசி ஆள் இவன் என்பது இன்னொரு கட்சி. மனிதனே இல்லை, காளை என்று சொன்னவர்களும் உண்டு. ஜீயஸ் வந்ததே காளை வேஷத்தில், மினோஸ் வீட்டில் பிறந்த மாட்டுத் தலையனோ உலகப் பிரசித்தம். அந்தக் குடும்பத்தில் இன்னொரு காளை வந்தால் யாருக்குத் தெரியப்போகிறது!

தாலோஸின் வேலை சுலபம். தினமும் மூன்று தடவை தீவைச் சுற்றி வரவேண்டும். கிரீட்டின் கடற்கரை ஆயிரம் கிலோமீட்டருக்குக் கொஞ்சம் மேலே. மூன்று சுற்றுக்கு மூவாயிரம் சொச்சம். சோறு, தூக்கம், டீ எதுவும் இல்லாமல் ஓடினாலும் மணிக்கு 130 கிலோமீட்டர் வேகம் வேண்டும். அதுவும் பாறையிலும் மணலிலும், வெண்கலக் காலோடு. இந்தக் கணக்கை யாரோ போட்டுப் பார்த்துவிட்டார்கள் போலிருக்கிறது. தீவின் தெற்கே பைஸ்டோஸ் என்ற நகரம் கி.மு. 300 வாக்கில் அடித்த நாணயத்தில் தாலோஸுக்கு இரண்டு சிறகு முளைத்திருக்கிறது. கையில் ஒரு கல்.

பிளேட்டோ பெயரில் வழங்கும் ஓர் உரையாடல் இந்தச் சிக்கலை வேறு மாதிரி தீர்க்கிறது. தாலோஸ் பூதமும் இல்லை, பொம்மையும் இல்லை; சட்டங்களைப் பொறித்த வெண்கலத் தகடுகளைத் தூக்கிக்கொண்டு வருஷத்துக்கு மூன்று தடவை ஊர் ஊராகப் போய் மேற்பார்வை பார்த்த அதிகாரியாம். எனக்கென்னவோ வெண்கல மனிதனை நம்புவது இதைவிட எளிதாக இருக்கிறது.

கரைக்கு வரும் கப்பல்களைத் தாலோஸ் பாறாங்கல்லால் அடிப்பான். தப்பித்துக் கரையேறியவர்களுக்குக் கட்டிப்பிடி வைத்தியம்: உடம்பைச் செக்கச் செவேலென்று பழுக்கக் காய்ச்சிக்கொண்டு ஓடிப்போய் மார்போடு அணைத்துக்கொள்வான். குடியேற்றத் துறை அத்தோடு முடிந்தது. முத்திரை குத்த வேண்டிய அவசியமே இல்லை.

இவ்வளவு செய்த கொல்லர் ஓர் இடத்தில் சோம்பிவிட்டார். தாலோஸின் உடம்பில் கழுத்திலிருந்து கணுக்கால் வரை ஒரே ஒரு நரம்பு. அதில் ஓடுவது தெய்வங்களின் ரத்தமான ஐக்கோர். நரம்பின் கீழ்முனையை அடைத்திருப்பது ஒரு வெண்கல ஆணி. அவ்வளவுதான். எங்கள் மொட்டைமாடியில் ஆயிரம் லிட்டர் தொட்டி ஒரு ரப்பர் வாஷரை நம்பி நிற்கிறது. அதனால் எனக்கு இது பெரிய ஆச்சரியம் இல்லை. சிலை வார்ப்பவர்களுக்கும் இருக்காது. சுவாமிமலையில் இன்றும் மெழுகில் உருவம் செய்து, மேலே வண்டல் மண் பூசி, காயவைத்துச் சூடேற்றுகிறார்கள். மெழுகு உருகித் துவாரம் வழியாக வடிந்துவிட, அந்த வெற்றிடத்தில் கொதிக்கும் உலோகத்தை ஊற்றுகிறார்கள். தாலோஸின் ஒற்றை நரம்பும் ஆணியும் இப்படியொரு பட்டறை நினைவுதான் என்று ஊகித்த அறிஞர்கள் உண்டு. நம் ஸ்தபதிகள் சிலையின் கண்ணைத் திறந்ததும் கடையை மூடுவார்கள். ஹெபைஸ்டஸ் கணுக்காலை மூட மறந்தார் என்று வைத்துக்கொள்ளலாம்.

ஒருநாள் ஆர்கோ கப்பல் வந்தது. தங்க ஆட்டுத்தோலைத் திருடிக்கொண்டு வீடு திரும்பும் ஜேசனும் கூட்டாளிகளும் லிபியாப் பக்கம் அலைந்து நாக்கு வறண்டு வந்திருந்தார்கள். தாலோஸ் வழக்கம்போல் கல்லைத் தூக்கினான். வீரர்கள் எல்லோரும் துடுப்பைப் பின்பக்கமாக வலித்தார்கள். மகா வீரம்! கடைசியில் ஜேசனோடு வந்திருந்த மந்திரக்காரி மெடியாதான் எழுந்தாள்.

அவள் என்ன செய்தாள் என்பதிலும் தகராறு. மருந்து கொடுத்துப் பைத்தியம் பிடிக்க வைத்தாள் என்கிறார்கள். சாகாவரம் தருகிறேன் என்று ஆசை காட்டி ஆணியைப் பிடுங்கினாள் என்கிறார்கள். வெண்கலத்துக்கு எதற்கையா சாகாவரம்? ஆனாலும் பிடுங்க அனுமதித்தான். உலகத்திலேயே தேவையான ஆணி அது ஒன்றுதான். அதைத்தான் பிடுங்கக் கொடுத்தான்.

எனக்குப் பிடித்தது கி.மு. மூன்றாம் நூற்றாண்டுக் கவிஞர் அப்பலோனியஸ் சொல்வது. மெடியா கப்பல் தளத்தில் நின்று சாவு தேவதைகளை மும்முறை கூப்பிட்டுவிட்டுத் தாலோஸை ஒரு பார்வை பார்த்தாள். சுத்தமான கண் திருஷ்டி. கல்லடி பட்டாலும் கண்ணடி படக்கூடாது என்பார்களே, கல்லடிக்கே பேர்போனவன் கண்ணடி பட்டுத் தடுமாறினான். கணுக்கால் பாறையில் உரசியது. உருகிய ஈயம்போல் ஐக்கோர் கொட்டியது. கொஞ்ச நேரம் நின்று பார்த்தான்; பிறகு சாய்ந்தான்.

இத்தாலியில் ரூவோ என்ற ஊர் அருங்காட்சியகத்தில் இந்தச் சாவைத் தீட்டிய ஒரு பெரிய ஜாடி இருக்கிறது; வயது சுமார் 2,400. மற்ற ஆட்களெல்லாம் செம்மண் நிறம், தாலோஸ் மட்டும் வெளுத்த உடம்பு. பின்னால் சாய்கிறவனை ஜேசன் கோஷ்டியின் இரட்டையர்கள் காஸ்டரும் பாலக்ஸும் இரண்டு பக்கமும் தாங்குகிறார்கள். கல்யாண வீட்டில் மயங்கி விழுந்த பெரியவரைப் பிடிப்பதுபோல அவ்வளவு பதமாக. மெடியா கையில் கிண்ணத்தோடு நிற்கிறாள்.

அன்றிரவு எல்லோரும் கரையில் படுத்துத் தூங்கினார்கள். விடிந்ததும் அதீனாவுக்கு ஒரு கோயில் எழுப்பிவிட்டு, தண்ணீர் பிடித்துக்கொண்டு கப்பலேறினார்கள். வந்ததே அதற்குத்தான்.