கேமராவும் ஆட்டுக்கல்லும்

விழுப்புரம் ஜங்ஷன் பக்கத்து டீக்கடையில் நமக்கு ஒரு தம்பி உண்டு. விசிட்டிங் கார்டில் 'இன்டிபென்டன்ட் சினிமாட்டோகிராபர்' என்று போட்டிருப்பான். பிழைப்பு திண்டிவனத்துக் காதுகுத்தில் ஓடும். 'வி.சி.கணேசன்' என்ற சிவாஜியின் பெயரில் 'வி' விழுப்புரம்தானே? கேமராவுக்கு முன்னால் நிற்க ஆள் அனுப்பிய ஊர், பின்னால் நிற்பவனை ஏனண்ணே மதிக்கவில்லை என்பான்.

அன்று வளைகாப்பு நடுவில் பேட்டரி தீர்ந்துபோய் ஏகப் புலம்பல். நடராஜ முதலியார் கதையை எடுத்துவிட்டேன்.

முதலியார் வேலூர்க்காரர். சென்னையில் மோட்டார் காரும் உதிரிபாகமும் விற்று நிம்மதியாக இருந்தவர். சனி யாரை விட்டது? புனாவில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற வெள்ளைக்காரரிடம் போய்க் கேமரா சுற்றப் பழகினார். தஞ்சாவூர்ப் பக்கத்து மூப்பனார் ஒருவரிடம் 1,800 ரூபாய்க்குக் கேமரா வாங்கினார். 1916-18 வாக்கில் 'கீசக வதம்'. தென்னிந்தியாவின் முதல் கதைப்படம். முதலாளி, இயக்குநர், எடிட்டர், கேமராமேன் எல்லாம் அவரே. சம்பளப் பாக்கி என்று யார் யாரிடம் கேட்பது?

லைட்? சூரியன். புரசைவாக்கம் மில்லர்ஸ் ரோட்டில் மேலே வெள்ளைத்துணி கட்டினால் ஸ்டூடியோ.

பேட்டரியா? கைதான் பேட்டரி. வினாடிக்கு இரண்டு சுற்று, அதில் ஓடுவது ஓர் அடி பிலிம். படம் 6,000 அடி. கணக்குப் போடு தம்பி: 12,000 சுற்று, வீணாய்ப்போன ஷாட்டெல்லாம் தனி. கை வேகமெடுத்தால் திரையில் கீசகன் தள்ளாடுவான். தளர்ந்தால் பீமன் பந்திக்குப் பிந்தியவன் மாதிரி ஓடிவருவான். ஆட்டுக்கல் சுற்றிய நம் பாட்டிகளைக் கூப்பிட்டிருந்தால் சீராக வந்திருக்கும், யாருக்கும் தோன்றவில்லை.

சென்னை வெயிலில் பிலிம் கழுவ முடியாது. வாராவாரம் பெங்களூருக்கு ரயில். திரௌபதி கண்ணை மூடியிருந்தாளா என்பது அங்கே போனால்தான் தெரியும்.

அடுத்தது 'திரௌபதி வஸ்திராபகரணம்'. துகிலுரியச் சம்மதித்து நடிக்க எந்தப் பெண் வருவாள்? ஓர் ஆங்கிலோ இந்தியப் பெண்ணைப் பிடித்தார்கள். பாஞ்சாலி வாயைத் திறந்தால் இங்கிலீஷ். ஊமைப்படம், மானம் தப்பியது. (கிருஷ்ணர் செய்த உதவி தனிக்கணக்கு.)

இன்று அந்தப் படங்களில் ஓர் அடிகூட மிச்சமில்லை. தம்பிக்கு அதில் கவலையில்லை.

"அண்ணே, துட்டு வந்துச்சா?"

"கீசகனுக்கு 35,000 போட்டார். 50,000 வந்தது."

டம்ளரைக் கீழே வைத்தான்.

"திண்டிவனம் காதுகுத்துப் பாக்கி ரெண்டாயிரம் இன்னும் வரலண்ணே. அந்தப் பொண்ணு இப்போ ரெண்டாங்கிளாஸ் படிக்குது."