ரோசக்கல்: கனிமவியல் நோக்கில் ஒரு முதற்கட்ட ஆய்வு

செவ்வாய்க்கும் வியாழனுக்கும் நடுவே லட்சக்கணக்கான சிறுகோள்கள் தனித்தனியாகச் சுற்றிக்கொண்டிருக்கின்றன. ஒன்றுகூடி ஒரு கோளாகியிருக்க வேண்டியவை. வியாழனின் ஈர்ப்பு குறுக்கே நின்று கெடுத்துவிட்டது என்பது வானியலார் கருத்து. நாம் அதை மறுக்கவில்லை. ஆனால் வெளியாள் தலையிட்டதால் மட்டுமே ஒரு கூட்டுக்குடும்பம் பிரிந்ததாகச் சரித்திரம் கிடையாது. உள்ளுக்குள்ளேயும் ஏதோ இருந்திருக்க வேண்டும். அந்த ஏதோவுக்குத்தான் ரோசக்கல் என்று பெயரிடுகிறோம்.

விண்கல்லில் புதுக் கனிமம் கிடைப்பது அதிசயமல்ல. 1969இல் மெக்சிகோவில் விழுந்த அயெண்டே விண்கல்லில் இருந்த பாங்குவைட் 2012இல் அறிவிக்கப்பட்டது. குணம் மாறும் கற்களும் உண்டு. ஹேக்மனைட் புற ஊதாக் கதிர் பட்டால் நிறம் மாறும். சித்த மருத்துவர்கள் மனோசிலை என்று சொல்லும் சிவப்புக் கல் வெளிச்சத்தில் நெடுநாள் கிடந்தால் மஞ்சள் பொடியாக உதிர்ந்துவிடும். வெளிச்சம் பட்டதற்கே இந்தப் பாடு என்றால் ஒரு வார்த்தை பட்டால் என்ன ஆகும் என்று இதுவரை எவரும் சோதிக்காதது கனிமவியலின் குறை.

முதலில் கடினத்தன்மை. மோஸ் 1812இல் வகுத்த அளவுகோலில் டால்க்குக்கு 1, வைரத்துக்கு 10. ரோசக்கல்லுக்கு நிலையான எண் கிடையாது. "வாங்க வாங்க, உங்களுக்காகத்தான் காத்திருக்கோம்" என்றால் 2, நகத்தாலேயே கீறலாம். "அட, நீங்களும் வந்துட்டீங்களா?" என்றால் 9. பத்திரிகையைப் பக்கத்து வீட்டுப் பையனிடம் கொடுத்தனுப்பியிருந்தால் வைரத்தால் அறுத்தாலும் இறங்காது.

கல்யாண மண்டபத்தில் ஒரு மாதிரியைக் கிட்ட இருந்து கவனித்தபோது தெரிந்தது இது. முதல் பந்தியில் இடம் இல்லை என்றதும் ஓரங்கள் லேசாகச் சிவந்தன. "பரவாயில்ல, மெதுவா சாப்பிடுறோம்" என்ற ஒலி வந்தது. மேடையில் போட்டோக்காரர் "அண்ணே, நீங்க கொஞ்சம் தள்ளி நில்லுங்க" என்று சொன்ன கணத்தில் நிறம் முழுக்கக் கறுத்தது. மொய்க் கவரை எழுதுகிறவர் முன் வீசிவிட்டு, தாம்பூலப் பை வாங்காமல், செருப்பைத் தேடியது. தாம்பூலப் பையை மறுப்பது இக்கனிமத்தை அடையாளம் காண உறுதியான சோதனை. அமிலச் சோதனை தேவையில்லை.

குவார்ட்ஸை அழுத்தினால் மின்னூட்டம் பிறக்கும் என்று கியூரி சகோதரர்கள் 1880இல் காட்டினார்கள். ரோசக்கல்லை எவ்வளவு அழுத்திக் கேட்டாலும் "எனக்கென்ன, நான் நல்லாத்தான் இருக்கேன்" என்பதற்கு மேல் ஒன்றும் வெளிப்படாது. படிகம் திருகித் திருகி வளரும் கிளைவகை ஒன்று உண்டு. அதற்கு மாப்பிள்ளை முறுக்கு என்று பெயர். தலைதீபாவளிக்கு உச்சம் தொடும். மோதிரத்தைக் கண்டதும் நேராகும்.

பயன்பாட்டுக்கு வருவோம். ஒரே ஒரு சொல்லால் ஏறிய சூடு, சொன்னவருடைய பேரனின் காதுகுத்து வரை ஆறாமல் நிற்பதால் ஃபிளாஸ்க் செய்ய இதைவிட உகந்த பொருள் இல்லை. அண்ணன் தம்பி வீடுகளுக்கு நடுவே சுவர் எழுப்பவும் ஆகும், சிமென்ட்டே வேண்டாம். தொகுதிப் பங்கீட்டுப் பேச்சு நடக்கும் அறைக்குள் மட்டும் கொண்டுபோகக் கூடாது. அங்கே ஏற்கெனவே இருப்பு அதிகம்.

இதெல்லாம் கற்பனை என்பார்கள் சிலர். 2006இல் வந்த சூப்பர்மேன் படத்தில் கிரிப்டோனைட்டுக்கு எழுதிவைத்த வேதிப்பெயர், செர்பியாவில் கிடைத்த ஜடரைட் என்ற நிஜக் கனிமத்தோடு, ஃபுளூரின் நீங்கலாக, பொருந்திப்போனது. ஆகவே அவசரப்பட வேண்டாம்.

முறையான அங்கீகாரம்தான் பாக்கி. புதுக் கனிமம் என்றால் சர்வதேசக் கனிமவியல் சங்கம் ஏற்க வேண்டும். மூல மாதிரியை ஓர் அருங்காட்சியகத்தில் வைக்க வேண்டும். நம் மாதிரியைக் கொண்டுபோய் வைத்தும் பார்த்தோம். பக்கத்துக் கண்ணாடிப் பெட்டியில் இருந்த ஜிப்சத்துக்குக் கொஞ்சம் பெரிய பெயர்ப்பலகை மாட்டியிருந்தார்கள். அன்றைக்கே திரும்பி வந்துவிட்டது.