கீரை வராது, காரணம் வரும்

எங்கள் மொட்டைமாடியில் கீரை விளைவதில்லை. ஏன் விளையவில்லை என்பதற்கான காரணங்கள்தான் அமோக விளைச்சல். எதையும் செடி செத்த பிறகே படிப்பது என்று ஒரு கொள்கையோடு வாழ்கிறேன். விதை பாக்கெட்டின் முன்பக்கப் படத்தை வாங்கும்போது பார்ப்பேன். பின்பக்கத்து எழுத்தை இரங்கல் கூட்டத்தில் வாசிப்பேன்.

முதல் ஆசை லெட்யூஸ் மேல். பர்கருக்குள் ஒளிந்திருக்குமே, அந்த இலை. அதைச் சென்னையில், அதுவும் சித்திரையில், விரலால் குழி போட்டு ஒவ்வொரு விதையாக அடக்கம் செய்தேன். அந்த விதைக்கு வெளிச்சம் பட்டால்தான் நன்றாக முளைப்பு வரும். மேலாகத் தூவி லேசாக அழுத்தினாலே போதும். வெப்பம் 30 டிகிரி செல்சியஸைத் தாண்டினால் பல ரகங்கள் முளைக்கவே மறுத்துத் தூங்கிவிடும். தப்பித் தவறி முளைத்தாலும் சூட்டில் சட்டென்று பூத்தண்டு கிளம்பி இலை கசந்துபோகும். நீலகிரியில் போய் ஏன் அதைப் பயிரிடுகிறார்கள் என்று ஒரு நிமிடம் யோசித்திருக்கலாம். யோசிக்கவில்லை.

வெயில்தான் எதிரி என்று தீர்ப்பு எழுதிவிட்டு, அடுத்து வெந்தயத்தை வீட்டுக்குள்ளேயே, ஹால் ஜன்னலோரத் தட்டில் விதைத்தேன். ராத்திரி முழுக்க ஊறிய விதை சீக்கிரமே தலைகாட்டி, மளமளவென்று உயர்ந்தது. உடனே குடும்ப வாட்ஸ்அப் குழுவில் படம் போட்டுப் பாராட்டு வாங்கினேன். வெளிச்சம் போதாத தவிப்பில்தான் செடி இப்படி இலையை மறந்து தண்டை நீட்டும் என்பது பாராட்டெல்லாம் வந்து முடிந்த பிறகு தெரிந்தது. நூல் போல வெளுத்த தண்டுகள் அத்தனையும் ஜன்னல் கம்பிப் பக்கம் சாய்ந்து நின்றன. தட்டைத் திருப்பி வைத்தேன். மறுநாள் அவையும் திரும்பிக்கொண்டன. நானும் விடவில்லை; ஒருவழியாக அவைதான் களைத்துப் படுத்தன.

படுத்தது தாகத்தால் என்று நினைத்து வேளாவேளைக்குத் தண்ணீர் ஊற்றினேன். ஈரம் தேங்கினால் பூஞ்சாணம் வந்து, மண்ணை ஒட்டிய இடத்தில் தண்டு அழுகி, நாற்று மடிந்து விழும். நாற்றழுகல் என்பார்கள். "சாப்பிட்டியா சாப்பிட்டியான்னு கேட்டே கொன்னுட்டீங்க" என்றாள் மனைவி.

பிறகுதான் மாடிக்குப் போனேன். தோட்டக்கலைத் துறை மாடித்தோட்டத்துக்குத் தரும் பைகளையும் தென்னை நார்க்கழிவுக் கட்டியையும் பக்கத்து வீட்டில் பார்த்து, நானும் கடையில் அதே போல வாங்கினேன். செங்கல் கணக்காக இருந்த கட்டியைக் குளியலறை வாளியில் போட்டுத் தண்ணீர் ஊற்றிவிட்டு டீ குடிக்கப் போனேன். திரும்பி வந்தால் அது வாளியைத் தாண்டித் தரையில் நடந்துகொண்டிருந்தது. நார்க்கழிவில் உப்பு இருக்கக்கூடும், இரண்டு மூன்று முறை அலசிப் பிழிந்துவிட்டுத்தான் பையில் போட வேண்டும் என்பது விதி. நான் அலசியது குளியலறையை மட்டும். முளைத்த பாலக்கீரை ஓரமெல்லாம் கருகி, தீயில் வாட்டியெடுத்த அப்பளமாக நின்றது.

கொத்தமல்லி விதையை இரண்டாக உடைத்துப் போட வேண்டும் என்றார்கள். செருப்புக் காலால் லேசாகத் தேய்த்தால் போதுமாம். நான் சப்பாத்திக் கட்டையைக் கையிலெடுத்தேன். தேய்த்த வேகத்தில் கிடைத்தது ரசத்துக்குப் போயிற்று.

சிறுகீரை விதை கடுகைவிடப் பொடி. மணலோடு கலந்து தூவினால் ஒரே இடத்தில் குவியாது. இதை மட்டும் முன்கூட்டியே படித்துவிட்டேன். பெருமையோடு தூவிவிட்டு மறுநாள் காலை போய்ப் பார்த்தால், பையின் விளிம்பில் மின்னுகிற கறுப்புப் புள்ளிகள் வரிசையாக நகர்ந்துகொண்டிருந்தன. ஒவ்வொரு புள்ளிக்கு அடியிலும் ஓர் எறும்பு. மணலை அப்படியே விட்டுவிட்டு, விதையை மட்டும் பொறுக்கி எடுத்துப் போயின. சுற்றிலும் கொஞ்சம் அரிசி நொய் தூவியிருந்தால் எறும்புகள் அதை எடுத்துக்கொண்டு விதையை விட்டுவைக்கும் என்று அன்று மாலை படித்தேன்.

வெறுத்துப்போய் மாடிப் பக்கமே போகவில்லை. மழை பெய்து ஓய்ந்த பிறகு பார்த்தால் பைகளில் களை மண்டிக் கிடந்தது. அவ்வளவையும் வேரோடு பிடுங்கி, குப்பைவண்டிக்காக வாசலில் வைத்தேன். அந்த நேரம் பார்த்துக் கீரைக்கார அம்மா கூடையை இறக்கினார்.

"இன்னா சார் இது, குப்பைக்கீரையைப் போயி குப்பைல போடறீங்க? இந்தா, இது பருப்புக்கீரை. பாசிப்பருப்பு போட்டுக் கடைஞ்சா சட்டி காலியாயிரும்!"

உரமும் வாங்காமல், அறிவுரையும் கேட்காமல், நான் எட்டிப் பார்க்காத ஒரே காரணத்தால் வளர்ந்த கீரை. "உங்களுக்கு வாணாம்னா நான் எடுத்துக்கறேன்" என்றார். எடுத்துக்கொள்ளச் சொன்னேன். மண்ணை உதறி, வேரைக் கிள்ளி, பழுத்த இலையைக் கழித்து, வாழைநாரால் கட்டுக் கட்டிக் கூடையில் அடுக்கியபோது அது என் கீரை என்று பெற்றவனாலேயே அடையாளம் சொல்ல முடியாது.

கொஞ்ச நேரத்தில் மனைவி கீழே போய் ஒரு கட்டு வாங்கி வந்தாள். மத்தியானம் கடைசல். பிரமாதமாக இருந்தது. என் வாழ்நாளின் ஒரே அறுவடை அதுவாக இருக்கலாம் என்று பலமான சந்தேகம். அதையும் காசு கொடுத்துத்தான் சாப்பிட்டோம்.